அப்பாஸ் தொடுத்த வழக்கு

பதினாறு நிமிடப் படம் அது. கல்கத்தா, பம்பாய், சென்னை, டெல்லி ஆகிய நகரங்களின் செல்வத்தையும் அதனருகே வாடும் ஏழ்மையையும் காட்டி, 1968-ல் கே. ஏ. அப்பாஸ் எடுத்தது. பம்பாயின் விலைமகளிர் தெருக் காட்சிகளை வெட்டினால்தான் ‘யு’ சான்றிதழ் என்றது அரசு. அவர் சுப்ரீம் கோர்ட்டை அணுகினார். வழக்கு நடக்கையிலேயே, வெட்டின்றிச் சான்றிதழ் தர அரசு இசைந்தது. வேறொருவராயின் அத்துடன் வீடு திரும்பியிருப்பார்! அப்பாஸோ, பிற கலைகளுக்கில்லாத முன்தணிக்கை சினிமாவுக்கு மட்டும் ஏன் என்று வாதாடினார். 1970-ல் கோர்ட்டு அதை ஏற்கவில்லை. சினிமா உணர்ச்சிகளை ஆழமாகத் தூண்டவல்லது என்றது. ஆயினும் மேல்முறையீட்டை அரசே விசாரிப்பது முறையன்று, கோர்ட்டோ தனி நடுவர் மன்றமோ விசாரிக்கவேண்டும் எனக் கருதியது. அம்மன்றம் 1983-ல் அமைந்தது, 2021-ல் கலைக்கப்பட்டது. இன்று கத்தரியை எதிர்க்கும் படைப்பாளி ஹைகோர்ட்டுப் படியேறவேண்டும். வெளியீட்டு நாளோ காத்திராது.