பிள்ளைகளின் தூக்கத்தைக் காக்க இரண்டு செட்டிங்குகள்

வீட்டுக்கு புதிதாக கம்ப்யூட்டர் வந்ததும் பிள்ளைகள் தூங்கும் நேரம் தள்ளிப் போகத் தொடங்கும். நாகரசம்பட்டியில் இருந்து கிருஷ்ணகிரிக்கோ ஓசூருக்கோ பஸ் பிடிக்க 6 மணிக்கு எழ வேண்டிய மாணவர், இரவு 1 மணி வரை மானிட்டர் முன் இருந்தால் கிடைப்பது 5 மணி நேரத் தூக்கம். 13 முதல் 18 வயது வரை தினமும் 8 முதல் 10 மணி நேரம் தூங்க வேண்டும் என்று அமெரிக்க தூக்க மருத்துவ அகாடமி 2016ல் பரிந்துரைத்தது. அப்படியானால் நாளுக்கு 3 மணி நேரம் பாக்கி. 6 நாளில் 18 மணி நேரம்!

தூக்கம் குறைந்தால் என்ன ஆகும்?

நாம் டைப் செய்வது முதலில் ராமில் இருக்கும். சேவ் செய்தால்தான் ஹார்டு டிஸ்க்கில் பதியும். பகலில் படித்ததை மூளை 'சேவ்' செய்யும் வேலை பெருமளவு தூக்கத்தில்தான் நடக்கிறது. விடிய விடிய படித்துவிட்டு பரீட்சைக்குப் போவது, சேவ் செய்யாமல் பவரை ஆஃப் செய்வது போலத்தான். கவனக்குறைவு, எரிச்சல், மனச்சோர்வு, உடல் பருமன், வாகன விபத்து ஆகியவற்றுக்கான வாய்ப்பும் கூடுகிறது.

கம்ப்யூட்டருக்கும் இதற்கும் என்ன தொடர்பு?

பொழுதை உடலுக்கு உணர்த்தும் தனி செல்கள் நம் விழித்திரையில் உள்ளன. இவை நீல ஒளியை அதிகம் உணர்பவை. இரவில் திரை வெளிச்சம் பட்டால், தூக்கத்துக்குத் தயார்படுத்தும் மெலடோனின் ஹார்மோன் சுரப்பது குறையும். டீன் ஏஜில் இந்த ஹார்மோன் இயல்பாகவே தாமதமாகத்தான் சுரக்கிறது. எனவே காலையில் எழாத பிள்ளையை சோம்பேறி என்று திட்ட வேண்டாம். கலிபோர்னியாவில் 2022 முதல் பெரும்பாலான உயர்நிலைப் பள்ளிகள் காலை 8.30க்கு முன் தொடங்கக் கூடாது என்று சட்டமே உள்ளது.

செட்டிங் 1: நைட் லைட்

விண்டோஸ் 11ல் ஸ்டார்ட் பட்டனை கிளிக் செய்து செட்டிங்ஸ், சிஸ்டம், டிஸ்ப்ளே என்று செல்லுங்கள். அங்கே நைட் லைட் என்பதைத் திறந்து, தானாக இயங்கும் வசதியை ஆன் செய்து, இரவு 8 முதல் காலை 6 வரை என்று நேரம் கொடுங்கள். திரை இளமஞ்சளாக மாறி நீல ஒளி குறையும். ஆனால் இது மட்டும் போதாது. கேமும் சாட்டிங்கும் மூளையை விழிப்பிலேயே வைத்திருக்கும்.

செட்டிங் 2: நேரக் கட்டுப்பாடு

செட்டிங்ஸில் அக்கவுண்ட்ஸ் பகுதிக்குச் சென்று ஃபேமிலி என்பதில் பிள்ளைக்குத் தனி மைக்ரோசாஃப்ட் கணக்கு சேருங்கள். பிறகு ஃபேமிலி அப்ளிகேஷனில் பிள்ளையின் பெயரை கிளிக் செய்து, ஸ்க்ரீன் டைம் பகுதியில் ஒவ்வொரு நாளுக்கும் நேரம் குறியுங்கள். இரவு 9 மணி என்று குறித்தால் அதற்கு மேல் அந்தக் கணக்கைப் பயன்படுத்த முடியாது. பெற்றோரின் பாஸ்வேர்டு பிள்ளைக்குத் தெரியக் கூடாது என்பது முக்கியம்.

ஞாயிறன்று 11 மணி வரை தூங்க விட்டால் கடன் தீரும் என்று நினைக்காதீர்கள். உடலின் கடிகாரம் பின்னால் நகர்ந்து, அன்று இரவு தூக்கம் வராது. திங்கள் காலை பழைய கதைதான்.

நேரத்தை பிள்ளையுடன் பேசி முடிவு செய்யுங்கள். பெரியவர்களும் அதே நேரத்தில் செல்போனை வைத்துவிட்டால் வீட்டில் சண்டை வராது. இன்றே செய்து பாருங்கள்.