எழுத்தில் ஜெயித்து இன்டர்வியூவில் விழுந்த மகளுக்கு

தூத்துக்குடி

அன்பு மகள் ஜெனிக்கு, பெரியப்பா எழுதிக்கொள்வது.

நீ அனுப்பிய மார்க் விவரத்தைப் பார்த்தேன். எழுத்துத் தேர்வில் உனக்குக் கீழே இருந்தவர்கள் இன்டர்வியூ முடிந்ததும் மேலே போய்விட்டார்கள். மதுரை பெஞ்சில் ரிட் போட்டே தீரவேண்டும் என்று உன் அப்பா குதிக்கிறான். நான் வக்கீல் குமாஸ்தாவாகவே காலம் தள்ளியவன் என்பதால் என்னைக் கேட்கிறாய். நீ விண்ணப்பித்த அலுவலகத்தின் பெயரை இதில் எழுதவில்லை; கடிதம் எந்தக் கைக்கும் போகலாம்.

"எனக்கு மார்க் குறைத்துவிட்டார்கள்" என்பது மட்டும் வழக்காகாது. போர்டு போட்ட மார்க்கை ஜட்ஜ் திருத்திப் போடமாட்டார். இன்டர்வியூவுக்கு ஒதுக்கிய மார்க் அளவுக்கு மீறியதா, நடுவில் விதியை மாற்றினார்களா, போர்டில் யாருக்காவது சொந்தக்காரர் உட்கார்ந்திருந்தாரா என்பதைத்தான் பார்ப்பார்கள்.

நம் மாநிலத்து மருத்துவக் கல்லூரிச் சேர்க்கை பற்றிய பெரியகருப்பன் வழக்கு 1971 தீர்ப்புத் தொகுப்பில் இருக்கிறது. 275க்கு 75 மார்க் இன்டர்வியூவுக்கு வைத்தது பார்த்த மாத்திரத்திலேயே அதிகமாகத் தெரிகிறது என்றது உச்ச நீதிமன்றம். பிறகு ஸ்ரீநகர் இன்ஜினீயரிங் கல்லூரி விஷயமாக அஜய் ஹாசியா வழக்கு. ஒரு பையனுக்கு இரண்டு மூன்று நிமிஷம், ஊர் எது, அப்பா யார் என்று கேள்வி, அதற்கு மூன்றில் ஒரு பங்கு மார்க்! 15 சதவீதத்துக்கு மேல் போகக்கூடாது என்றார்கள். பேச்சை டேப்பில் பதிவு செய்தால் நல்லது என்றும் சொன்னார்கள். ஆனால் அது கல்லூரி சீட்டு. வேலைக்கு அப்படியே பொருந்தாது என்று 1981-லேயே லீலா தர் வழக்கில் தீர்ப்பு வந்துவிட்டது. ராஜஸ்தான் முன்சீப் பதவிக்கு 25 சதவீதம் வைத்தது செல்லும் என்றார்கள்.

1985-ல் ஹரியானா தேர்வாணைய வழக்கு. 61 இடத்துக்கு 1300 பேருக்கு மேல் இன்டர்வியூ. 900க்கு 200 மார்க் அதற்கே. அத்தனை பேரைக் கூப்பிடுவது தப்பு, இரண்டு மூன்று மடங்குக்கு மேல் போகக்கூடாது, மார்க்கும் யூ.பி.எஸ்.சி. மாதிரி 12.2 சதவீதத்துக்குள் இருக்கட்டும் என்றார் நீதிபதி பகவதி. நம் மாநிலத் தேர்வாணையத்தின் குரூப்-1 தேர்வில் 850க்கு 100 என்று இருப்பதை இதோடு ஒத்துப்பார். இவ்வளவு கண்டித்தும், அந்தத் தேர்வை அவர்கள் ரத்து செய்யவில்லை. இந்த விஷயத்தை உன் அப்பாவிடம் இரண்டு தடவை சொல்.

முத்துக்குளிக்கும் சலாபத்தில் முத்துத் தரம் பிரிப்பதை உன் தாத்தா சொல்லக் கேட்டிருக்கிறேன். பத்துப் பித்தளைச் சல்லடை. முதலாவதில் 20 துளை, கடைசியில் 1000. எந்தச் சல்லடையில் எந்த முத்து நின்றதோ அதுதான் அதன் அளவு, அதில் தகராறு கிடையாது. அதற்குப் பிறகு உருட்டிப் பார்த்து, வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்து 'ஆணி', அதாவது முதல் தரம் என்று ஒருவர் சொல்வாரே, அங்கேதான் சண்டை வரும். கண்ணே வேண்டாம் என்று எந்தக் கோர்ட்டும் சொல்லவில்லை. கண்ணுக்கு எவ்வளவு இடம் என்பதில்தான் இத்தனை வழக்கும்.

இனி உன் கதை. நோட்டிபிகேஷனிலேயே இன்டர்வியூ மார்க் எவ்வளவு என்று போட்டிருந்ததா? போட்டிருந்தால், அதைப் படித்துவிட்டுத்தானே போய் உட்கார்ந்தாய்? தெரிந்தே கலந்துகொண்டு, தோற்ற பிறகு முறையே தப்பு என்று வராதே என்று 1995-ல் மதன் லால் வழக்கில் சொன்னதை எதிர்த்தரப்பு முதல் வரியிலேயே எடுத்து வைக்கும்.

நோட்டிபிகேஷனில் இல்லாத குறைந்தபட்ச மார்க்கை இன்டர்வியூ முடிந்த பிறகு நுழைத்திருந்தால் கதை வேறு. 2008-ல் மஞ்சுஸ்ரீ வழக்கு உனக்குத் துணை. ஆட்டம் தொடங்கியபின், விதியே இடம் தந்தாலொழிய, விதியை மாற்றக்கூடாது என்று 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் உறுதி செய்துவிட்டார்கள். அப்படியும் கேரள மாவட்ட நீதிபதித் தேர்வைப் பார். கட்-ஆஃபைப் பின்னால் வைத்தது தன்னிச்சையானது என்று 2023-ல் தீர்ப்பு வந்தது. ஆனால் அதற்குள் ஆறு வருஷம் ஓடிவிட்டதால், வேலையில் இருப்பவர்களை எழுப்பவில்லை. வழக்குப் போட்டவர்களுக்குப் பதவியும் கிடைக்கவில்லை. ஜெயித்த கட்சிக்காரரிடம் வக்கீல் இதை எப்படிச் சொல்லியிருப்பாரோ!

ஆகவே இந்த வாரமே பத்து ரூபாய் கட்டி ஆர்.டி.ஐ. போடு. உன் இன்டர்வியூ மார்க், தேர்வானவர்களின் மார்க், தேர்வு விதி, போர்டு கூட்டக் குறிப்பின் நகல் எல்லாம் கேள். போர்டில் இருந்தவர்களின் பெயரைக் கேட்டு மல்லுக்கட்டாதே. கொடுக்கவேண்டியதில்லை என்று 2012-ல் பீகார் தேர்வாணைய வழக்கிலேயே முடிந்துபோன விஷயம். பதில் தர 30 நாள் அவகாசம் உண்டு. அதற்குள் அப்பாயின்ட்மென்ட் ஆர்டர் போய்விடும் போலிருந்தால் ஆர்.டி.ஐ.க்குக் காத்திராமல் வக்கீலைப் பார்க்கவேண்டும். தேர்வானவர்களையும் எதிர்மனுதாரராகச் சேர்க்கவேண்டும்; சேர்க்காமல் போட்டு அந்த ஒன்றிலேயே விழுந்த மனுக்களை என் கையால் கட்டி வைத்திருக்கிறேன். விதி மீறல் எதுவும் தட்டுப்படாவிட்டால் விட்டுவிடு. கோபத்துக்காக ஃபீஸ் கட்டாதே.

படிப்பை நிறுத்திவிடாதே. 2016 ஜனவரி 1 முதல் மத்திய அரசின் குரூப் சி வேலைக்கும் கெசட்டட் அல்லாத குரூப் பி வேலைக்கும் இன்டர்வியூவே கிடையாது. எழுத்தில் இவ்வளவு வாங்குகிறவள் அந்தப் பக்கம் ஏன் இன்னும் விண்ணப்பம் போடவில்லை?

சனிக்கிழமை சாயந்திரம் நோட்டிபிகேஷன் முழுவதையும் பிரிண்ட் எடுத்துக்கொண்டு வா. கடைசிப் பக்கத்துப் பொடி எழுத்தையும் விடாதே. அதுவரை அப்பா எந்த வக்கீலுக்கும் அட்வான்ஸ் கொடுக்காமல் பார்த்துக்கொள்.

அன்புடன்
பெரியப்பா