சூத்திரத்துக்கு முன் பொருள்



சென்ற ஆண்டு ஒரு மாலை, பூசை முடிந்து கோயில் மண்டபத்தில் அமர்ந்திருந்தேன். என் பழைய மாணவர் ஒருவரின் மகன் தடித்த நூலொன்றுடன் வந்தான். ஈஜோக் பக்கத்துத் தோட்டப் பிள்ளை. மின்னணுப் பொறியியல் பயில்கிறான். "ஐயா, இந்தப் பாடத்தில் இரண்டு முறை தவறிவிட்டேன். படிப்பையே விட்டுவிடலாம் என்றிருக்கிறேன்" என்றான். சூத்திரங்களைக் கேட்டேன், பிழையின்றி ஒப்புவித்தான். பொருள் கேட்டேன், தலைகுனிந்தான்.

நூலின் ஆசிரியர் பி. பி. லாத்தி. இந்தியாவில் பிறந்து, அமெரிக்காவில் சேக்ரமென்டோ நகரிலுள்ள கலிபோர்னியா மாநிலப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக விளங்கியவர். சமிக்ஞைகள், தொடர்பு முறைகள் பற்றிய அவரது நூல் 1965-இல் வந்தது. பையன் வைத்திருந்த 'மாடர்ன் டிஜிட்டல் அண்ட் அனலாக் கம்யூனிகேஷன் சிஸ்டம்ஸ்' 1983-இல் முதற்பதிப்புக் கண்டது. கணிதத்தோடு அதன் பொருளையும் பொறுமையாக விளக்குவதே லாத்தியின் சிறப்பு. பையனோ சூத்திரங்களை மட்டும் படித்துவிட்டு விளக்கங்களைத் தாண்டிப் போயிருந்தான்.

நான் கணிதம் போதித்தவன், பொறியியல் அறியேன். இருவரும் சேர்ந்தே படித்தோம். மாறிக்கொண்டேயிருக்கும் சமிக்ஞையை இடைவெளி விட்டு அளந்தாலே போதும். ஆனால் அதன் மிக உயர்ந்த அதிர்வெண்ணின் இருமடங்குக்கு மேல் அளக்கவேண்டும் என்கிறது ஒரு விதி. ஏன்?

நம் கோலசிலாங்கூர் ஆற்று முகத்துவாரத்தை நினைத்துப் பார்க்கச் சொன்னேன். அங்கே ஏறத்தாழ 12 மணி 25 நிமிடத்துக்கு ஒரு முறை நீர் பெருகி வற்றுகிறது. ஒருவர் தினமும் காலை 7 மணிக்கு மட்டும் நீர்மட்டத்தைக் குறித்துவந்தால், சுமார் 15 நாளுக்கு ஒரு முறைதான் பெருக்கு வருவதாகக் கணக்குக் காட்டும். அது பொய் அலை. 6 மணி நேரத்துக்கு ஒரு தடவையாவது பார்த்தால்தான் உண்மை புலப்படும். பையன் முகம் மலர்ந்தது.

தொலைபேசியிலும் இதே விதிதான். குரலைச் சுமார் 3,400 ஹெர்ட்ஸுக்குள் வடிகட்டி, நொடிக்கு 8,000 முறை அளக்கிறார்கள். ஓர் அளவுக்கு 8 பிட். ஆக நொடிக்கு 64,000 பிட். "இருமடங்கு 6,800 தானே, ஏன் 8,000?" என்றேன். நூலைப் புரட்டிவிட்டு அவனே சொன்னான்: "வடிகட்டி கத்தியால் வெட்டியதுபோல் நிறுத்தாது ஐயா, கொஞ்சம் இடம் விடவேண்டும்."

அவன் படிப்பை விடவில்லை. மறுபடியும் தேர்வுக்குப் பதிந்துகொண்டான்.

பெற்றோர்களே, ஆங்கில நூல் நமக்குப் புரியாதே என்று ஒதுங்க வேண்டாம். சூத்திரத்தைக் கையால் மறைத்துக்கொண்டு, "இதன் பொருளைத் தமிழில் சொல்" என்று பிள்ளையைக் கேளுங்கள். சொல்ல முடிந்தால் பாடம் அவனுடையது. முடியாவிட்டால் எந்த இடத்தில் மீண்டும் படிக்க வேண்டும் என்பது அவனுக்கே தெரிந்துவிடும்.