பீப்பாய்க்கு மேலே நுரை

"அம்மா, தண்ணிப் பீப்பாய்க்கு மேலே யாரோ சவுக்கார நுரையை அப்பி வச்சிருக்காங்க!"

மழை பெய்த மறுநாள் காலையில் பிள்ளை இப்படி ஓடி வந்து சொல்லும். "சீ, தொடாதே" என்று நாமும் கம்பால் தட்டி விடுவோம். அது சவுக்காரம் இல்லை. மரத்தவளையின் கூடு.

இந்தத் தவளையை நமக்குத் தெரியும். ராத்திரியில் குளிக்கும் இடத்துச் சுவரில் ஒட்டிக்கொண்டிருக்குமே, அதுதான். விரல் நுனிகளில் வட்டமான தட்டுகள் இருப்பதால் வழுக்காது. முதுகிலே உடுக்கை போல ஓர் அடையாளம் இருக்கும். மழைக்காட்டுத் தவளையான இது, நம் வீடுகளுக்கும் பழகிவிட்டது. இலங்கையைத் தவிர உலகத்தில் வேறெங்கும் இந்த இனம் இல்லை. நுவரெலியா போன்ற உயர்ந்த மலைகளில் இதன் உறவுக்கார இனம் ஒன்று இருக்கிறது. அதற்குக் குதிகாலில் சிறு முள் போலத் தோல் நீண்டிருக்கும். அதுவும் நுரைக்கூடுதான் கட்டும்.

கூடு கட்டுவது பெண். ஆணை முதுகில் சுமந்துகொண்டு, தண்ணீருக்கு மேலே உள்ள இலைக்கோ சுவருக்கோ வரும். தன் உடம்பிலிருந்து வரும் பசை நீரைப் பின்னங்கால்களால் அடித்து, முட்டை அடிப்பது போல நுரையாக்கும். முட்டைகள் அதற்குள்ளே இருக்கும். வெளிப்புறம் காய்ந்து பொருக்காகும், உள்ளே ஈரம் காயாது. தண்ணீரிலுள்ள மீனுக்கும் முட்டை எட்டாது. ஏறக்குறைய ஒரு வாரத்தில் நுரையின் அடிப்பக்கம் இளகும். குஞ்சுகள் நெளிந்து நெளிந்து கீழே தண்ணீரில் விழும்.

அந்தத் தண்ணீரில் மருந்து கலந்திருந்தால்? பேராதனை ஆய்வாளர்கள் இதே தவளையின் வால்குஞ்சுகளை வைத்துப் பார்த்து 2010இல் முடிவை வெளியிட்டார்கள். பயிர்களுக்கு அடிக்கும் நான்கு மருந்துகளைச் சோதித்தார்கள். நம் தேயிலை மலைக்குத் தெரிந்த புல்லு மருந்தான கிளைபோசேட்டும் அதில் ஒன்று. குஞ்சுகள் செத்தன. பிழைத்தவற்றில் பலவற்றுக்கு முதுகெலும்பு வளைந்துபோனது. தவளையின் தோல் மெல்லியது, தண்ணீரில் இருப்பது உடம்புக்குள் போய்விடும்.

ஆகவே மருந்தடிக்கிற அண்ணன்மாரே, மருந்து டாங்கியை ஓடையிலோ பீலியிலோ கழுவாதீர்கள். அதே தண்ணீரைத்தான் கீழ் லயத்துப் பிள்ளைகள் குடிக்கிறார்கள்.

குடிதண்ணீர்ப் பீப்பாய்க்கு மேலே கூடு இருந்தால் பீப்பாயை மூடி வையுங்கள். கூடு இலையில் இருந்தால் இலையோடு வெட்டி, தண்ணீர் தேங்கும் குழிக்கு மேலே, நிழலில் கட்டி விடுங்கள். வெயிலில் வைத்தால் காய்ந்துவிடும்.