லாக்கர் அடிக்கும் கதவுக்கு எந்த உப்புத்தாள்?

மீஞ்சூரில் வீடு கட்டுகிறவர்கள் வாசற்கதவுக்குத் தேக்கு வாங்குவதில் காட்டும் கவனத்தை உப்புத்தாளில் காட்டுவதில்லை. பாலிஷ்காரர் கையில் எது இருக்கிறதோ அதுவே போதும் என்று விட்டுவிடுகிறார்கள். பளபளப்பு கெடுவது பெரும்பாலும் அங்கேதான்.

பழைய கதவானால், மேலே இருப்பது என்னவென்று முதலில் பாருங்கள். கண்ணில் படாத மூலையில் ஸ்பிரிட் நனைத்த பஞ்சை வைத்துப் பிசுபிசுத்தால் அது அரக்கு பாலிஷ். ஸ்பிரிட்டுக்கு அசையாமல் தின்னருக்கு இளகினால் என்.சி. (நைட்ரோசெல்லுலோஸ்) லாக்கர். இரண்டுக்கும் மசியாவிட்டால் பி.யூ. (பாலியூரிதேன்) அல்லது மெலமைன்.

என்.சி. லாக்கரில் புதுக்கோட்டு பழையதைக் கரைத்துக்கொண்டு அதனுடன் ஒன்றாகிவிடும். ஆகவே இடையில் 400 நம்பர் தாளால் தூசி முளைகளை எடுத்தால் போதும். காய்ந்த பி.யூ. அப்படிக் கரையாது. 320-ல் முழுப்பரப்பும் மங்கும்வரை தேய்க்க வேண்டும். மினுக்கும் இடம் மிச்சமிருந்தால் பிறகு அங்கே உரியும்.

கோட்டுகளுக்கு இடையில் உலர் தாளே என் தேர்வு. தேக்கின் துளைகள் அடைபடுமுன் வாட்டர் பேப்பரை நனைத்துத் தேய்த்தால் ஈரம் உள்ளே இறங்கி நார் எழும்பும். உலர் தாளில் இன்னொரு லாபமும் உண்டு: தூள் கோலமாவு போல உதிர்ந்தால் லாக்கர் காய்ந்திருக்கிறது, தாளில் உருண்டு ஒட்டினால் காயவில்லை, கையை எடுத்துவிடுங்கள்.

வாட்டர் பேப்பர் கடைசி மெருகுக்கு. அதுவும் இரண்டு வாரமாவது காயவிட்ட பிறகு, 1000, 1500, 2000 என்று ஏறி, சோப்புத் தண்ணீரில், மரக்கட்டையில் சுற்றி. விளிம்புகளை விட்டுத் தேய்க்கச் சொல்லுங்கள். மரம் முதலில் தெரிவது அங்கேதான். அரக்கு பாலிஷில் தண்ணீரே வேண்டாம், வெளுத்துவிடும்.

ஐப்பசி, கார்த்திகையில் அடித்த லாக்கர் வெள்ளை பூத்தால் பலர் தேய்த்தே எடுக்கப் பார்க்கிறார்கள், மரம்வரை போய்விடுகிறார்கள். அது காற்றின் ஈரத்தால் வந்தது. வெயில் நாளில் ரிடார்டர் தின்னரை லேசாக ஸ்பிரே செய்தால் பெரும்பாலும் மறையும்.

ஸ்டீல் வூல் இந்தக் கடற்காற்றுக்கு ஆகாது. துளையில் சிக்கிய இரும்புத் துணுக்கு துருப்பிடித்துப் புள்ளி விழும். மங்கல் மெருகுதான் வேண்டுமென்றால் சாம்பல் நிற ஸ்காட்ச்-பிரைட் போதும். லாரிப் புழுதி விழும் தெருப்பக்கக் கதவுக்கு அதுவே சரி. கண்ணாடிப் பளபளப்பை உள்ளறை அலமாரிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.