பங்காளி வீட்டு வரி: சமரச மையத்தில் முடிப்பது எப்படி?

ஒரே வரி விதிப்பு எண், பத்துப் பதினைந்து பங்காளிகள். ஊரோடு இருப்பவர் ஆண்டுக்கணக்காக வீட்டு வரியைக் கட்டுவார்; தாங்காத நாளில் மற்றவர்கள்மேல் வழக்குப் போடுவார். காரைக்குடிப் பக்கத்து வளவு வீடுகளில் இது சாதாரணம். அந்த வழக்கை நீதிமன்றம் சமரச மையத்துக்கு அனுப்பினால் மறுக்காதீர்கள். அங்கே கட்டணம் கிடையாது. பேசியது எதுவும் நீதிபதியிடம் போகாது.

முதலில் இரண்டு சண்டைகளையும் பிரித்துவிடுங்கள். 2024-இல் வந்த காரைக்குடி மாநகராட்சி போடும் வரி அதிகம் என்பது உங்கள் வாதமானால், அதற்கு இடம் மாநகராட்சி ஆட்சேபணையும் மேல்முறையீடும். வரி விதிப்பு, வசூல், அபராதத் தகராறுகளைச் சமரசத்துக்கு ஏற்றவையல்ல என்றே 2023-ஆம் ஆண்டுச் சமரசச் சட்டத்தின் முதல் அட்டவணை குறிக்கிறது. யார் பங்குக்கு எவ்வளவு என்பது மட்டும் சமரசரிடம் பேச வேண்டியது. ஒருவர் கட்டியதைக் கடமைப்பட்ட மற்றவரிடம் கேட்க ஒப்பந்தச் சட்டத்தின் 69-ஆம் பிரிவு இருக்கிறது.

ரசீதுகளை அரையாண்டு வாரியாக அடுக்குங்கள். வழக்கில் கேட்க, பணம் கட்டிய நாளிலிருந்து 3 ஆண்டுதான் கெடு. அதற்கு முந்தைய ரசீதுகளையும் கொண்டுபோங்கள். தீர்ப்பில் வராத பழைய பாக்கி சம்மதத்தில் வரும்.

புள்ளிக் கணக்கில் பிரிக்கலாம் என்று ஒரு பெரியவர் சொல்வார். மரியாதையாக மறுத்துவிடுங்கள். மணமான ஆண்களை எண்ணும் புள்ளி கோயில் வரிக்குப் பொருந்தும். வீட்டுக்குப் பங்குக் கணக்குதான்; அதில் பெண்மக்களும் உண்டு.

பல சமரசங்கள் சறுக்குவது கையெழுத்தில். பேச்செல்லாம் முடிந்து, மலேசியாவில் இருக்கும் சித்தப்பா மகனுக்காக அவர் தம்பி, “நான் போடுகிறேன், அண்ணன் ஒன்றும் சொல்லமாட்டார்” என்பார். ஏற்காதீர்கள். வெளிநாட்டில் இருப்பவர் அங்குள்ள இந்தியத் தூதரகத்தில் அதிகாரப் பத்திரம் எழுதி அனுப்பட்டும். வழக்கு நடத்த அதிகாரம் என்று மட்டும் எழுதினால் போதாது. சமரசம் பேசி முடித்துக் கையெழுத்திடவும் அதிகாரம் என்ற வரி இருந்தே ஆக வேண்டும். பத்திரம் இந்தியா வந்த 3 மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டிவிடுங்கள். கட்டிக்கொடுத்த அக்கா தங்கைகளையும் நேரில் அழைத்துக் கையெழுத்து வாங்குங்கள். “அவர்களுக்கு எதற்கு?” என்று விட்ட வீடுகளில்தான் அடுத்த வழக்கு வருகிறது.

ஒப்பந்தத்தில் பழைய பாக்கி, கொடுக்கும் தேதி, இனிவரும் வரியை யார் கட்டி யாரிடம் வாங்குவது, இவை போதும். வரி கட்டுவதால் உரிமை கூடாது என்றும் ஒரு வரி சேருங்கள். தூரத்தில் இருப்பவர்களின் பயம் அதில்தான் தீரும். பங்கை விட்டுக்கொடுக்கும் ஷரத்தை இதில் நுழைக்க வேண்டாம். பண வழக்கில் வீட்டு உரிமையை எழுதினால் பதிவு செய்ய வேண்டிவரும். அதைத் தனிப் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள்.

ஒப்பந்தம் நீதிமன்றத்தில் தீர்ப்பாணையானதும், கட்டிய நீதிமன்றக் கட்டணம் முழுவதையும் திரும்பக் கேட்டு அன்றைக்கே மனுக் கொடுத்துவிடுங்கள். தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 69-அ பிரிவு அதற்கு வழி செய்கிறது.