பகுதி வேறானால் எந்த வழி?

அரையையும் மூன்றில் ஒன்றையும் கூட்டச் சொன்னால், புதிதாகக் கற்கும் பிள்ளை 2/5 என்று எழுதும். மேலே இருப்பதை மேலேயும், கீழே இருப்பதைக் கீழேயும் கூட்டிய விடை. உடனே தப்புப் போடாதீர்கள். “2/5 அரையைவிடக் குறைவாச்சே, அரையோடு இன்னொன்றைச் சேர்த்தும் எப்படிக் குறைந்தது?” என்று கேட்டுப் பாருங்கள்; பிள்ளைக்கே சிரிப்பு வரும். துண்டுகளை ஒரே அளவாக்காமல் எண்ணிக் கூட்ட முடியாது என்பது பிடிபட்டபின், எப்படி ஒரே அளவாக்குவது என்பதே மிச்சம்.

வேலையைத் தொடங்குமுன் பகுதிகளை ஒரு பார்வை பாருங்கள். 3/4 + 1/8 என்றால் 8க்குள்ளேயே 4 இருக்கிறது. 6/8 + 1/8, முடிந்தது.

1/3 + 2/5 போன்றவற்றுக்குக் குறுக்குப் பெருக்கலே போதும். மேலே 5 + 6, கீழே 15, விடை 11/15. 3க்கும் 5க்கும் 1ஐத் தவிரப் பொதுக் காரணி இல்லாததால், 15ஐவிடச் சிறிய பொதுப் பகுதி கிடைக்காது. ஆனால் இதே பழக்கத்தில் 5/12 + 7/18க்குப் போனால் 174/216 வந்து நிற்கும். அதை 6ஆல் சுருக்கினால்தான் 29/36. இந்தச் சுருக்கும் இடத்தில்தான் பிள்ளைகள் கோட்டை விடுகிறார்கள். இங்கே மீச்சிறு பொது மடங்கு, அதாவது மீ.சி.ம., நல்லது. அதற்காக வகுத்தல் கட்டம் போட வேண்டியதில்லை. பெரிய பகுதியின் வாய்ப்பாட்டைச் சொல்லிக்கொண்டே போய், 18, 36 என்று, 12ஆல் வகுபடும் முதல் எண்ணில் நில்லுங்கள். 15/36 + 14/36. பெருக்கும் எண்களும் சிறியவை. மூன்று பின்னங்கள் வந்தால் நான் வேறு எதையும் யோசிப்பதே இல்லை. 1/2 + 1/3 + 1/4க்கு 12 போதும்: 13/12.

தசமமாக மாற்றிக் கூட்டுவது பணக் கணக்குக்குச் சௌகரியம்தான். 1/3 + 1/6ஐ 0.333 + 0.166 என்று கூட்டினால் 0.499 வரும், சரியான விடையோ அரை.

நம் பழைய எண்சுவடிக்காரர்கள் ஒவ்வொரு கணக்குக்கும் பொதுப் பகுதி தேடவேண்டியிருக்கவில்லை. அவர்களிடம் முந்திரி இருந்தது, 320இல் ஒன்று. காணி 4 முந்திரி, மா 16, அரைக்கால் 40. அரைக்காலையும் மாவையும் கூட்டினால் 56 முந்திரி; இன்றைய எழுத்தில் 1/8 + 1/20 = 7/40. மீ.சி.ம.வை முன்கூட்டியே கண்டுபிடித்துப் பெயரும் வைத்துவிட்ட மாதிரி! எனக்கு இது மிகப் பிடிக்கும், ஆனால் எல்லாவற்றுக்கும் ஆகாது. 320ஐக் காரணிப்படுத்தினால் 2ம் 5ம் மட்டுமே வரும், 10ஐப் போலவே. ஆகவே தசமம் முடியாத இடத்தில் முந்திரியும் முழுசாய் நிற்காது. மூன்றில் ஒன்றைக் கொண்டுபோனால் 106 முந்திரிபோக மிச்சம் விழும். அந்த மிச்சத்தை முந்திரியில் 320இல் ஒரு பங்கான கீழ்முந்திரிக்கு இறக்கினாலும், அங்கேயும் ஒரு மிச்சம் விழுந்துகொண்டுதான் இருக்கும்.